பொதுச் சேவை வேலைக்குப் படிப்புக் கடன் தள்ளுபடி: அமெரிக்காவுக்குப் புதிதாக வந்த தமிழர்களுக்கு

ஊரில் ஸ்டேட் பேங்கிலோ கனரா வங்கியிலோ வாங்கிய கல்விக் கடனுக்கு இந்தத் தள்ளுபடி கிடையாது. அமெரிக்கத் தனியார் வங்கிக் கடனுக்கும் கிடையாது. அமெரிக்க மத்திய அரசின் கல்வித் துறை கொடுக்கும் ‘டைரக்ட் லோன்’ கடனுக்கு மட்டும்தான். அந்தக் கடனைக் குடிமக்களும் கிரீன் கார்டு உள்ளவர்களும் வாங்கலாம். எஃப்-1 (மாணவர்), எச்-1பி (வேலை), எச்-4 (எச்-1பி உள்ளவரின் குடும்பத்தார்) விசாவில் இருப்பவர்கள் வாங்க முடியாது.

அப்படியென்றால் புதிதாக வந்தவர்களுக்கு இது எதற்கு? குடும்ப வழியில் கிரீன் கார்டோடு வந்து இறங்குபவர்கள் இருக்கிறார்கள். எச்-4இல் பல வருடம் வீட்டிலிருந்துவிட்டு, கார்டு கைக்கு வந்ததும் நர்சிங், ஆசிரியர் பயிற்சி, சமூகப்பணி என்று படிக்கச் சேரும் பெண்கள் நம்மிடையே நிறைய. இவர்கள் முதல் கடனில் கையெழுத்துப் போடும் முன்பே இந்தத் திட்டத்தைத் தெரிந்துகொண்டால், பிறகு எந்த வேலையை ஏற்பது என்ற முடிவே மாறிவிடும்.

திட்டத்தின் பெயர் பப்ளிக் சர்வீஸ் லோன் ஃபர்கிவ்னஸ், பி.எஸ்.எல்.எஃப் என்பார்கள். 2007இல் வந்த சட்டம். தகுதியுள்ள இடத்தில் முழுநேரமாக வேலை பார்த்துக்கொண்டே 120 மாதத் தவணை கட்டினால், மிச்சமிருக்கும் கடன் முழுவதும் தள்ளுபடி. தள்ளுபடியான தொகைக்கு மத்திய அரசு வருமான வரியும் இல்லை. 120 தவணையும் தொடர்ச்சியாக இருக்க வேண்டியதில்லை. குழந்தை பிறந்து இரண்டு வருடம் வேலையை விட்டாலும், அதுவரை சேர்ந்த எண்ணிக்கை அப்படியே நிற்கும்.

நம்மவர்கள் அதிகம் குழம்புவது ‘தகுதியுள்ள இடம்’ எது என்பதில்தான். நீங்கள் என்ன வேலை செய்கிறீர்கள் என்பதைப் பார்ப்பதில்லை. யாரிடம் வேலை செய்கிறீர்கள் என்பதுதான் கணக்கு. மத்திய, மாநில, கவுன்டி, நகர அரசுகள், அரசுப் பள்ளிகள், மாநிலப் பல்கலைக்கழகங்கள், 501(சி)(3) பதிவுள்ள லாப நோக்கற்ற நிறுவனங்கள் எல்லாம் தகுதி பெறும். கவுன்டி அலுவலகக் கணக்கருக்கும் உண்டு, அரசுப் பள்ளிப் பேருந்து ஓட்டுநருக்கும் உண்டு. அதே சமயம், லாபத்துக்கு நடக்கும் மருத்துவமனையில் உயிரைக் கொடுத்து வேலை செய்யும் நர்சுக்கு இல்லை. தெருவுக்கு எதிர்ப்பக்கம் இருக்கும் லாப நோக்கற்ற மருத்துவமனையில் அதே வேலை செய்பவருக்கு உண்டு. இரண்டு இடத்திலிருந்தும் வேலைக்கு அழைப்பு வந்தால், சம்பள வித்தியாசத்தோடு இதையும் சேர்த்துக் கணக்குப் போடுங்கள்.

ஐ.டி.யில் இருப்பவர்கள் இந்தப் பத்தியைக் கட்டாயம் படியுங்கள். மாநில அரசின் திட்டத்தில், மாநில அரசு அலுவலகத்திலேயே உட்கார்ந்து வருடக்கணக்கில் வேலை பார்ப்பீர்கள். ஆனால் சம்பளம் கொடுப்பது கன்சல்டிங் கம்பெனி என்றால், அந்த மாதங்கள் எண்ணிக்கையில் சேராது. வருடாந்திரச் சம்பளக் கணக்கைக் காட்டும் உங்கள் டபிள்யூ-2 படிவத்தில் முதலாளி என்று யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். அங்கே இருக்கும் ஈ.ஐ.என் எண்ணை (முதலாளிக்கு வரித் துறை கொடுத்த அடையாள எண்) கல்வித் துறையின் ஸ்டூடன்ட்எய்ட்.கவ் தளத்தில் போட்டால், அந்த இடம் தகுதியுள்ளதா என்று காட்டிவிடும். வேலைக்கான கடிதம் வந்தவுடனேயே எச்.ஆரிடம் அந்த எண்ணைக் கேட்டுப் பார்த்துவிடுவது இன்னும் நல்லது.

முழுநேரம் என்றால் வாரம் சராசரியாக 30 மணி நேரம். தகுதியுள்ள இரண்டு இடங்களில் பகுதிநேரமாகச் செய்து 30 மணி சேர்ந்தாலும் போதும். தமிழ்ப் பள்ளியில் ஞாயிற்றுக்கிழமை தோறும் சம்பளமில்லாமல் பாடம் எடுப்பது பெரிய தொண்டுதான், ஆனால் இந்த மணிக்கணக்கில் அது வராது.

அடுத்தது தவணைத் திட்டம். பத்து வருட ஸ்டாண்டர்ட் திட்டத்தில் முழுக்கக் கட்டினால் 120ஆவது தவணையில் கடனே முடிந்துவிடும், தள்ளுபடி செய்ய எதுவும் மிஞ்சாது. அதனால் வருமானத்தைப் பொறுத்துத் தவணை வைக்கும் திட்டத்தில் சேர வேண்டும். 2025 ஜூலையில் வந்த சட்டம் இதை மாற்றியிருக்கிறது: 2026 ஜூலை 1 முதல் புதுக் கடன் வாங்குபவர்களுக்கு வருமானத் திட்டம் என்றால் ஆர்.ஏ.பி (ரீபேமென்ட் அசிஸ்டன்ஸ் பிளான்) ஒன்றுதான். அதில் கட்டும் தவணைகளும் 120இல் சேரும். பழைய திட்டங்களின் பெயரைச் சொல்லும் பழைய யூடியூப் வீடியோக்களை நம்பி முடிவெடுக்காதீர்கள்.

கணவனும் மனைவியும் வரிக்கணக்கைச் சேர்த்துத் தாக்கல் செய்தால், ஐ.டி.யில் இருப்பவரின் சம்பளமும் சேர்ந்து தவணை ஏறிவிடும். தனித்தனியாகத் தாக்கல் செய்தால் தவணை குறையும், ஆனால் வரி கூடலாம். இரண்டையும் போட்டுப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

பிள்ளைகளின் கல்லூரிக்காகப் பெற்றோர் பெயரில் வாங்கும் பேரன்ட் பிளஸ் கடனில், பார்க்கப்படுவது பெற்றோரின் வேலைதான். மகள் அரசுப் பள்ளி ஆசிரியையாக இருந்தாலும் அப்பா பெயரில் உள்ள கடன் அதனால் தள்ளுபடி ஆகாது.

முதல் பத்து வருடம் முடிந்து, 2017இல்தான் முதன்முதலாகத் தள்ளுபடி கேட்க முடிந்தது. அடுத்த ஓராண்டுக்குள் வந்த விண்ணப்பங்களில் 99 சதவீதத்துக்கு மேல் நிராகரிக்கப்பட்டன. கடன் வகை தவறு, தவணை எண்ணிக்கை போதவில்லை, படிவத்தில் குறை என்று காரணங்கள். பிறகு விதிகளும் நடைமுறையும் சீரமைக்கப்பட்டு, 2024க்குள் 10 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்குக் கடன் தள்ளுபடி ஆனது. ஆகவே கிடைக்காத ஒன்று என்று யாராவது சொன்னால் விட்டுவிடாதீர்கள். ஆனால் பத்தாவது வருடம் வரை காத்திருக்கவும் வேண்டாம். வருடத்துக்கு ஒரு முறையும், வேலை மாறும்போதும் பி.எஸ்.எல்.எஃப் படிவத்தில் முதலாளியின் கையெழுத்தை வாங்கி அனுப்புங்கள். வேலையை விட்டு ஐந்து வருடம் கழித்துப் போனால், உங்களைத் தெரிந்த எவரும் அங்கே இருக்க மாட்டார்கள். தகுதியுள்ள நிறுவனங்கள் பற்றிய விதியையும் கல்வித் துறை 2025 அக்டோபரில் மாற்றியது. அதனால் ஒவ்வொரு வருடமும் ஈ.ஐ.என் எண்ணை மறுபடி தேடிப் பாருங்கள்.

வட்டி குறையும் என்று சொல்லித் தனியார் கம்பெனிகள் ‘ரீஃபைனான்ஸ்’ செய்யக் கூப்பிடும். அரசுக் கடன் ஒரு முறை தனியார் கடனாக மாறிவிட்டால் தள்ளுபடிக்கு வழியே இல்லை. பணம் வாங்கிக்கொண்டு விண்ணப்பித்துத் தருகிறோம் என்பவர்களும் அழைப்பார்கள். இதற்குக் கட்டணமே கிடையாது, ஒரு டாலர்கூடக் கொடுக்காதீர்கள். 120 முடிந்த பிறகும் விண்ணப்பம் பரிசீலனையில் இருக்கும்போது கூடுதலாகத் தவணை கட்டியிருந்தால், அந்தப் பணத்தைத் திருப்பித் தந்துவிடுவார்கள்.