சதுப்பு ரோஜாவுக்கு வீட்டு ரோஜாவின் வைத்தியம் வேண்டாம்

வேரில் தண்ணீர் நின்றால் ரோஜா அழுகிவிடும் என்பது தோட்டம் போடுகிறவர்கள் முதலில் படிக்கும் பாடம். சதுப்பு ரோஜாவிடம் அந்தப் பாடம் செல்லாது. ரோசா பலூஸ்ட்ரிஸ் என்ற இந்தக் காட்டுப் புதர் வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதிக்கு உரியது. நோவா ஸ்கோஷியா முதல் ஃபுளோரிடா வரை ஓடைக்கரையிலும் சேற்று நிலத்திலும் ஆளுயரத்துக்கு மேல் வளரும். அதற்கு மணல் கலந்து மேட்டுப்பாத்தி கட்டுவது வீண் வேலை; கோடையில் வாடித்தான் நிற்கும். மழைநீர் வழிந்து வந்து சேரும் பள்ளம் போதும். அதற்காகக் குளத்துக்குள் இறக்கிவிடவும் கூடாது. வெள்ளம் வந்து வடிவதைத் தாங்கும், அவ்வளவுதான். நிழலிலும் பிழைத்துக்கொள்ளும், ஆனால் பூ குறைந்துவிடும்.

பலர் கோட்டைவிடுவது கவாத்தில். கலப்பின ரோஜாக்களைப் போல வசந்தம் பிறந்ததும் ஒட்ட வெட்டிவிட்டு, கோடையில் பூவைக் காணோம் என்று உரத்தைக் கொட்டுவார்கள். இது ஆண்டுக்கு ஒரே பருவம்தான் பூக்கும், அதுவும் முந்தைய ஆண்டுக் கிளைகளில். வெட்டுவதானால் பூத்து முடிந்த பிறகு வெட்டுங்கள். அப்போதும் எல்லாவற்றையும் வெட்டினால் சிவந்த காய்கள் கிடைக்காது. குளிர்காலத்தில் அவை பறவைகளுக்குத் தீனி. கிழட்டுத் தண்டுகளை மட்டும் அடியோடு எடுப்பதே என் கட்சி.

இன்னொன்று, ஆள் மாறாட்டம். கிழக்காசியாவிலிருந்து வந்த மல்டிஃப்ளோரா ரோஜாவை 1930களில் அமெரிக்க மண்வள அதிகாரிகளே வேலிக்கும் மண் அரிப்பைத் தடுக்கவும் நடச் சொன்னார்கள். இன்று பல மாநிலங்களில் அது ஒழிக்க வேண்டிய களை. அதைப் பிடுங்கப் போய் மண்ணின் செடியைப் பிடுங்கிவிடுவது நடக்கிறது. பூக்காத காலத்தில் இலைக்காம்பின் அடியைப் பாருங்கள். அங்குள்ள செதில் சீப்புப் பல் போலக் கிழிந்திருந்தால் அது மல்டிஃப்ளோரா. சதுப்பு ரோஜாவின் செதில் ஒடுங்கி, கிழியாமல் இருக்கும். முள் கொக்கியாக வளைந்திருக்கும். பூத்துவிட்டால் குழப்பமே இல்லை. மல்டிஃப்ளோராவுக்குக் கொத்துக் கொத்தாகச் சின்ன வெள்ளைப் பூ. இதற்குப் பெரிய இளஞ்சிவப்புப் பூ, ஐந்து இதழ்.

விதை போடுகிறவர்கள் சில வாரத்தில் சலித்துத் தொட்டியைக் கொட்டிவிடுகிறார்கள். ஈரத்தோடு ஒரு குளிர்காலத்தைக் கடந்தால்தான் அது முளைக்கும். இல்லையென்றால் ஈரமணலில் கலந்து சில மாதம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். காயை டீக்குப் போடுகிறவர்கள் விதையைச் சுற்றியுள்ள மெல்லிய மயிர்களை வழித்து எறியாவிட்டால் தொண்டை அரிக்கும்.