ஆறுதலா ஊத்துங்கோ, தம்பி

காலையில் டயருக்குக் காற்றுப் போனது. வேலையிடத்தில் நான் செய்யாத கணக்குப் பிழைக்கு எல்லோர் முன்னாலும் ஏச்சு. இப்படியே வீட்டுக்குப் போனால் அம்மாவிடம்தான் எரிந்து விழுவேன். சரி என்று திருகோணமலை கன்னியா வெந்நீரூற்றுப் பக்கம் மோட்டார் சைக்கிளைத் திருப்பினேன்.

அங்கே 7 கிணறுகள், ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. தாயின் கிரியைக்காக இராவணன் உண்டாக்கியவை என்பார்கள். இறங்கிக் குளிக்கும் கிணறுகள் இல்லை, வாளியால் அள்ளித்தான் ஊற்ற வேண்டும். நான் மடமடவென்று ஊற்றுவதைப் பார்த்த ஐயா ஒருவர், “ஆறுதலா ஊத்துங்கோ, தம்பி” என்றார். மெதுவாக என்றுதான் சொன்னார். எனக்கு மற்ற அர்த்தமும் கேட்டது. நாலாவது வாளியில் தோள் இளகியது. கொஞ்சம் அழுதேன், அந்த ஈரத்தில் யாருக்குத் தெரியும்?

அப்புறம் ஒரு இஞ்சிப் பிளேன்டீ. மறுநாள் பற்றுச்சீட்டுக் கட்டோடு முதலாளி முன்னால் போய் நின்றேன்.