விடையைச் சொல்ல அவசரப்படாதீர்கள்

விடுகதை போடுவதில் பாதி வேலை, கேள்வியைச் சொல்லி முடித்த பிறகுதான் தொடங்குகிறது. பலர் கேள்வியைப் போட்ட கையோடு ‘தெரியலையா? தெரியலையா?’ என்று நச்சரித்து, விடையையும் தாங்களே போட்டு உடைத்துவிடுகிறார்கள். எனக்கு இது பொறுக்கவே பொறுக்காது. கண்டுபிடித்த நொடியில் வரும் சந்தோஷம் யோசித்தவருக்குச் சேர வேண்டியது. கேட்பவர் அதைப் பறிக்கக் கூடாது.

அண்ணன் பிள்ளைகள் ஒன்றுகூடி “சித்தப்பா, ஏதாவது கேளுங்க” என்று வந்தால், முதலில் எளிதானதைத்தான் எடுப்பேன். ‘எடுக்க எடுக்கப் பெரிதாகும், அது என்ன?’ இதற்குப் பள்ளம் என்று கூட்டத்தில் சின்னவளே சொல்லிவிடுவாள். அவளுக்குத் தைரியம் வந்துவிட்டால் மற்றவர்கள் சும்மா இருக்க மாட்டார்கள். யாராவது திணறினால் ‘எதை எடுக்கிறோம்னு யோசி’ என்பேன். முதல் எழுத்தை மட்டும் சொல்லவே மாட்டேன். எழுத்தைச் சொன்னால் யோசனை நின்றுபோய், அந்த எழுத்தில் தொடங்கும் வார்த்தைகளை ஒவ்வொன்றாக அடுக்க ஆரம்பித்துவிடுவார்கள்.

அடுத்து ஆடு, புலி, புல்லுக்கட்டு மூன்றையும் ஆற்றின் அக்கரை சேர்க்கும் புதிர். படகில் ஓட்டுபவரோடு ஒன்றுதான் ஏறும். ஆள் இல்லாவிட்டால் புலி ஆட்டைத் தின்னும், ஆடு புல்லைத் தின்னும். எட்டாம் நூற்றாண்டு அறிஞர் அல்குயின் பெயரில் வழங்கும் லத்தீன் கணக்குத் தொகுப்பிலேயே இது ஓநாய், ஆடு, முட்டைக்கோசு என்று இருக்கிறது. இதை வாயால் மட்டும் கேட்காதீர்கள். ஒரு சாவி, ஒரு பேனா, ஒரு நாணயம் என்று மூன்று பொருள்களை வைத்து, நடுவே ஒரு துண்டை ஆறாக விரித்துவிடுங்கள். ஆட்டை முதலில் அக்கரை சேர்ப்பது எல்லோருக்கும் வந்துவிடும். பிறகு புலியைக் கொண்டுபோய் விட்டதும் கை அப்படியே நிற்கும். ஆட்டைத் திரும்பக் கூட்டி வர வேண்டும் என்பது யாருக்கும் லேசில் தோன்றாது, கொண்டுபோனதைத் திருப்பிக் கொண்டுவர மனம் ஒப்பாது. அந்த இடத்தில் ஒரே ஒரு குறிப்பு போதும்: ‘திரும்பி வரும்போது படகு காலியாத்தான் வரணுமா?’ அப்புறம் வாயை மூடிக்கொள்ளுங்கள். ஏழு பயணத்தில் முடித்துவிடுவார்கள்.

பெரியவர்களுக்குத் தாமரைக் குளம். இலைகள் தினமும் இரண்டு மடங்காகப் பரவுகின்றன, 48 நாளில் குளம் முழுக்க மூடிவிடும். பாதிக் குளம் மூட எத்தனை நாள்? 24 என்று உடனே வரும். ‘சரி, 24ஆம் நாள் பாதி மூடியாச்சு. மறுநாள் என்ன ஆகும்?’ என்று மட்டும் கேளுங்கள். 47 என்று அவர்களே திருத்திக்கொள்வார்கள். யாராவது கூச்சப்பட்டால் இதையும் சொல்லுங்கள்: சட்டென்று தோன்றும் விடையை மனிதர்கள் எவ்வளவு எளிதில் நம்பிவிடுகிறார்கள் என்று பார்க்க ஆய்வாளர் ஷேன் ஃபிரெடரிக் 2005இல் வெளியிட்ட மூன்று கேள்விகளில் இதுவும் ஒன்று. நன்றாகப் படித்தவர்களே நிறையப் பேர் அதில் வழுக்கியிருக்கிறார்கள்.

சொந்தமாக விடுகதை கட்டுவதில்தான் எனக்கு ஆசை அதிகம். தொல்காப்பியம் விடுகதையைப் பிசி என்று சொல்லி, இரண்டு வகை காட்டுகிறது: ஒன்றை இன்னொன்றாக உவமித்துச் சொல்வது, பொருளின் தன்மையையே சொல்லி மறைப்பது. இரண்டாவதில் தொடங்குங்கள். நிழலை எடுத்துக்கொள்வோம். ‘தண்ணீரில் விழுந்தாலும் நனையாது, நெருப்பில் விழுந்தாலும் எரியாது.’ நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் வெளிச்சத்துக்கும் பொருந்துகிறதே! யாராவது அப்படிச் சொன்னால் சரி என்று ஒப்புக்கொண்டே ஆக வேண்டும். நாம் நினைத்த விடை அதுவல்ல என்பதற்காகத் தப்பு என்று சொல்வது அநியாயம். எனவே ‘நான் குனிந்தால் தானும் குனியும்’ என்று ஒரு வரி சேர்க்கிறேன். இப்போது வெளிச்சம் விலகிவிட்டது, நிழல் மட்டும் நிற்கிறது. போடுவதற்கு முன்னால் எந்த விடுகதையையும் இப்படி வேறு விடைகளோடு உரசிப் பார்த்துவிடுங்கள்.

கடி ஜோக்குக்கு மட்டும் காத்திருக்கும் விதி செல்லாது. ‘எந்தப் படியில் ஏற முடியாது?’ என்று கேட்டால், இரண்டு மூச்சு விட்டு ‘தள்ளுபடி’ என்று சொல்லிவிட வேண்டும். நீட்டினால் பெரிதாக ஏதோ வரப்போகிறது என்று எதிர்பார்ப்பார்கள், அது இதற்குத் தாங்காது. ‘தள்ளு’ என்று நிறுத்தி ‘படி’யைத் தனியாக அழுத்தவும் வேண்டாம், வழக்கமாகச் சொல்வதுபோல் ஒரே வார்த்தையாக விடுங்கள், காது தானாகப் பிரித்துக்கொள்ளும். புரியாதவருக்கு விளக்கம் கொடுக்காமல் அடுத்த கடிக்குப் போய்விடுங்கள். அவருக்குப் பக்கத்தில் இருப்பவர் மெதுவாகச் சொல்லிக்கொடுப்பார், இரண்டு பேரும் சேர்ந்து தலையில் அடித்துக்கொள்வார்கள்.