திண்ணையில் உட்காரும் முன்: புதுச்சேரித் தமிழர் வீதிகளில் மரபு நடை போகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதுச்சேரிக்கு வருகிறவர்களில் பெரும்பாலோர் கடற்கரைச் சாலையில் காலாற நடந்து, மஞ்சள் சுவருக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். கடலோரப் பிரெஞ்சுப் பகுதியைத் தமிழர் பகுதியிலிருந்து பிரிக்கும் பெரிய வாய்க்காலைத் தாண்டி மேற்கே வந்தால் வைசியாள் வீதி, ஈசுவரன் கோயில் வீதி, பெருமாள் கோயில் வீதி என்று பழைய தமிழர் குடியிருப்பு விரிகிறது. இடையிடையே புதுக் கட்டடங்கள் முளைத்திருந்தாலும், திண்ணையும் தாழ்வாரமும் வைத்த வீடுகள் இன்னும் நிற்கின்றன. விவரம் தெரிந்த ஒருவரோடு இந்த வீதிகளில் நடப்பதைவிட இந்த ஊரைப் புரிந்துகொள்ள நல்ல வழி இல்லை என்பது என் உறுதியான எண்ணம்.

ஆனால் இது கோட்டையோ அரண்மனையோ அல்ல. ஒவ்வொரு கதவுக்குப் பின்னாலும் யாரோ சமைத்துக்கொண்டிருக்கிறார்கள். யாரோ மாத்திரை போட்டுக்கொண்டு படுத்திருக்கிறார்கள். வருகிறவர்கள் செய்யும் தவறுகளில் பாதிக்கு மேல் இதை மறப்பதால் நேர்பவை.

வீடு எங்கே தொடங்குகிறது என்று தெரியாமல் நடப்பது

பிரெஞ்சுப் பகுதியில் இந்தச் சிக்கல் இல்லை. அங்கே உயரமான மதிலும் பெரிய கதவும் வீதியை வெளியே நிறுத்திவிடும். தோட்டமும் தூண் வைத்த முகப்பும் மதிலுக்கு உள்ளே. யாரும் தெரியாமல் நுழைந்துவிட முடியாது. தமிழர் வீட்டுக்கு மதில் கிடையாது. வீதியிலிருந்து வீட்டுக்குள் போவது படிப்படியாக நடக்கிறது. முதலில் தாழ்வாரம்: மரத்தூண்கள் தாங்க, ஓடு வேய்ந்து வீதியை நோக்கிச் சரிந்திருக்கும் சாய்ப்பு. வெயிலுக்கும் மழைக்கும் வழிப்போக்கர்கள் ஒதுங்கிக்கொள்ளக் கட்டியது அது. ஒரு காலத்தில் வீட்டுக்கு வீடு தாழ்வாரம் தொடர்ந்து, வீதி முழுவதும் நிழலிலேயே நடக்கலாம். அடுத்து திண்ணை. அதற்கப்புறம் நிலைவாசல், ரேழி என்கிற உள்நடை, முற்றம், அதைச் சுற்றிய கூடம், பின்கட்டு, கிணறு, கொல்லை.

தாழ்வாரத்தில் நிற்க யாரையும் கேட்க வேண்டியதில்லை. திண்ணையில் உட்காரக் கேட்க வேண்டும். யாத்திரை போகிறவர்கள் இரவு படுத்து எழுந்து போன காலத்தில் வேறு வழக்கம் இருந்திருக்கலாம். இன்றைக்குத் திண்ணை அந்த வீட்டுக்காரருடைய இடம். "அம்மா, கொஞ்சம் உட்கார்ந்துகொள்ளலாமா?" என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டால், பெரும்பாலும் சொம்பில் தண்ணீரும் சேர்ந்து வரும். கேட்காமல் பன்னிரண்டு பேர் பையும் பாட்டிலுமாக ஏறி உட்கார்ந்தால் அந்த வீட்டார் வெளியே வரவும் வழியில்லாமல் போகிறது.

அதற்கடுத்த தவறு இன்னும் பெரியது: கதவு திறந்திருக்கிறது, அதனால் உள்ளே எட்டிப் பார்க்கலாம் என்று நினைப்பது. இந்த வீடுகளில் வாசற்கதவும் கொல்லைக்கதவும் பல இடங்களில் ஒரே நேர்கோட்டில் வரும். முற்றத்தில் வெயில் பட்டுச் சூடேறிய காற்று மேலே போக, வாசல் வழியாகப் புதுக்காற்று உள்ளே வரும். கதவைத் திறந்துவைப்பது காற்றுக்காகத்தான். ஒரு நாள் காலையில் ஒரு குழு அப்படியொரு வாசலில் நின்றிருந்தது. வழிகாட்டி பேசிக்கொண்டிருக்கும்போதே ஒருவர் செல்பேசியை உயர்த்திப் பிடித்தபடி படியேறி ரேழிக்குள் கால் வைத்துவிட்டார். உள்ளே முற்றத்தில் ஒரு பாட்டி பழைய வேட்டி ஒன்றை விரித்து வடகம் பிழிந்துகொண்டிருந்தார். கையில் மாவோடு எழுந்தவர், முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு வந்து, ஒரு சொல்லும் பேசாமல் கதவைச் சாத்தினார். கேட்டுக்கொண்டு வந்திருந்தால் அவரே முற்றம்வரை அழைத்துக் காட்டியிருப்பார். அதன் பிறகு வந்த குழுக்களுக்கும் அந்தக் கதவு திறக்கவில்லை. ஒருவருடைய அவசரத்துக்கு அடுத்து வருகிற அத்தனை பேரும் விலை கொடுக்கிறார்கள்.

உள்ளே அழைக்கப்பட்டால் செருப்பை வீதியில் நடுவழியில் விடாமல் ஓரமாக விடுங்கள். காட்டுகிற இடத்தைப் பாருங்கள். பூசையறையையும் அடுப்படியையும் நீங்களாகத் தேடிப் போக வேண்டாம். தூணைத் தட்டிப் பார்ப்பது, ஊஞ்சலில் ஆடிப் பார்ப்பது, சுவரில் மாட்டியிருக்கும் மறைந்தவர்களின் படங்களைப் படம் எடுப்பது எல்லாமே வீட்டாரைக் கேட்ட பிறகு.

ஒரு கேள்வியை மட்டும் எப்போதும் கேட்காதீர்கள்: "இந்த வீட்டை விற்றால் எவ்வளவு போகும்?" வருகிறவர் ஆர்வத்தில் கேட்பதுதான். ஆனால் இங்கே பல வீடுகளுக்கு நான்கு, ஐந்து பங்காளிகள். 1962 ஆகஸ்ட் 16ஆம் தேதி பிரெஞ்சு ஆட்சிப்பகுதிகள் சட்டப்படி இந்தியாவோடு சேர்ந்தபோது, பிரெஞ்சுக் குடியுரிமையே வேண்டும் என்கிறவர்கள் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுக்கலாம் என்று ஒப்பந்தம் இருந்தது. அப்படி எழுதிக் கொடுத்த குடும்பங்களில் ஒரு பங்காளி இங்கே, இன்னொருவர் பாரிசில் என்று இருப்பதுண்டு. விற்கலாம் என்கிறவரும் கூடாது என்கிறவரும் ஒரே கூரைக்குக் கீழே இருக்கும்போது அந்தக் கேள்வி எங்கே போய்த் தைக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பழைய வீடுகள் இடிந்து போவதற்குப் பாகப்பிரிவினை ஒரு முக்கியக் காரணம். 1990களில், மரபுக் கட்டடங்களைக் காக்கப் பாடுபடும் இன்டாக் அமைப்பு கணக்கெடுத்தபோது மரபுக் கட்டடங்கள் என்று ஏறத்தாழ 1,800 பட்டியலில் இருந்தன. அவற்றில் பல நூறு இன்று இல்லை.

கடலோரத்தோடு வரலாறு முடிந்துவிட்டது என்று நினைப்பது

நடைக்கு முன்பதிவு செய்யும்போது எந்தப் பகுதி என்று கேட்காமலேயே பணம் கட்டிவிடுகிறார்கள். வந்த பிறகுதான் நடை முழுவதும் பிரெஞ்சுப் பகுதியிலேயே என்று தெரிகிறது. அது தனியாகப் பார்க்க வேண்டியதுதான், மறுக்கவில்லை. ஆனால் தமிழர் வீதிகளைப் பார்க்காமல் அதுவும் பாதிதான் புரியும். கட்டம் போட்டதுபோல் நேர் நேராக ஓடும் இந்த வீதி அமைப்பையே எடுத்துக்கொள்ளுங்கள். 1693 முதல் 1699 வரை ஊர் டச்சுக்காரர்கள் கையில் இருந்தது. அவர்கள் வரைந்த திட்டத்துக்கு இதில் பெரும் பங்கு உண்டு. பிரெஞ்சுக்காரர் போட்ட வீதி என்று ஒரே வரியில் முடித்துவிடும் வழிகாட்டியிடம் இதைக் கேட்டுப் பாருங்கள்.

இரண்டு பகுதிகளும் ஒன்றையொன்று பார்த்துத்தான் வளர்ந்தன. கீழ்த்தளத்தில் திண்ணையும் தாழ்வாரமும், மேல்தளத்தில் வளைவுச் சன்னலும் பட்டைத்தூணும் வார்ப்பிரும்புக் கம்பி வைத்த மாடமும் என்று கட்டிய வீடுகள் தமிழர் வீதிகளில்தான் இருக்கின்றன. பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்சின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளரும் வணிகத் தரகருமாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளையின் மாளிகை இதற்கு நல்ல சான்று: கீழே மரத்தூண்கள் தாங்கும் முற்றம், மேலே பிரெஞ்சுப் பாணியில் வெள்ளைத் தூண்கள். 1736 முதல் 1761 வரையிலான அவருடைய நாட்குறிப்பில் இந்த ஊரின் அன்றாடம் அப்படியே கிடக்கிறது. நடைக்கு வருமுன் அதில் பத்துப் பக்கம் படித்துவிட்டு வந்தால், வழிகாட்டி சொல்வதில் எது கனமானது என்று உங்களுக்கே தெரிந்துவிடும். மாளிகை தனியார் சொத்து. அனுமதி வாங்காமல் கதவைத் தட்டக் கூடாது.

தெற்கே முல்லா வீதி, காஜியார் வீதி பக்கமுள்ள முஸ்லிம் குடியிருப்பைப் பல நடைகள் விட்டுவிடுகின்றன. கேட்டு வாங்கிச் சேர்த்துக்கொள்ளுங்கள். வெள்ளிக்கிழமை நண்பகல் தொழுகை நேரத்தை மட்டும் தவிர்த்துவிடுங்கள்.

விலையை மட்டும் பார்த்து வழிகாட்டியைப் பிடிப்பது

கேட்க வேண்டியவை சில. குழுவில் எத்தனை பேர்? பத்துப் பேருக்கு மேல் போனால் குறுகலான வீதியில் பின்னால் நிற்பவருக்குக் காது கேட்காது. வழிகாட்டி குரலை உயர்த்துவார், ஒலிபெருக்கியைத் தூக்குவார். வீதி முழுக்க விழித்துக்கொள்ளும். எந்தெந்த வீட்டுக்குள் போகிறோம், வீட்டாரிடம் முன்பே சொல்லியிருக்கிறாரா? உள்ளே விடுகிற குடும்பத்துக்குக் கட்டணத்தில் ஏதாவது போகிறதா? இந்தக் கடைசிக் கேள்வியைக் கேட்கத் தயங்குகிறார்கள். தயங்க வேண்டியதில்லை, வீட்டைப் பெருக்கி, துடைத்து, நமக்காகக் காத்திருக்கிறவர்கள் அவர்கள். வீட்டாரிடம் நேராகப் பணத்தை நீட்டுவது வேறு. அது பலரை நோகடிக்கும். எது முறை என்று வழிகாட்டியிடமே கேட்டுக்கொள்ளுங்கள்.

கழிப்பறை எங்கே என்பதையும் கிளம்பும் முன்பே கேளுங்கள். நடுவழியில் யாரோ ஒருவர் வீட்டில் போய்க் கேட்கும் நிலை வரக் கூடாது.

நேரம் தெரியாமல் வருவது

சித்திரை, வைகாசி வெயிலில் பத்து மணிக்கு மேல் நடப்பது வீண். காலை ஏழு மணிக்குத் தொடங்குங்கள். கோலம் போட்டு ஈரம் காயாத நேரம் அது. வீதி ஓரமாகப் பார்த்து நடக்க வேண்டும். தோளில் பையைச் சுமந்து, மேலே சன்னலைப் பார்த்தபடியே கோலத்தின் நடுவே மிதித்துப் போகிறவர்களைப் பார்க்க மனம் கசக்கும். புள்ளி வைத்து இழை கூட்ட அரை மணி நேரம் குனிந்திருந்தவர் அந்த வாசலிலேயே நின்றுகொண்டிருப்பார். மதியம் ஒன்றிலிருந்து நான்கு வரை இந்த ஊர் கதவைச் சாத்திக்கொண்டு தூங்கும். கடைகளிலேயே பல மூடிவிடும். அந்த நேரத்தில் நடைக்கு ஏற்பாடு செய்கிறவர் வீதியை அறியாதவர்.

ஐப்பசி, கார்த்திகையில் மழையை எதிர்பார்த்தே வாருங்கள். ஞாயிற்றுக்கிழமை காந்தி வீதியில் சண்டே மார்க்கெட் கூடும். கூட்டத்துக்குள் குழு சிதறிவிடும்.

சொன்ன கதையை எல்லாம் நம்புவது

"இது முந்நூறு வருடத்து வீடு" என்று சொன்னால் உடனே தலையாட்ட வேண்டாம். 1761இல் ஆங்கிலேயர் ஊரைப் பிடித்துப் பெரும்பகுதியைத் தரைமட்டமாக்கினார்கள். 1765க்குப் பிறகுதான் பிரெஞ்சுக்காரர்கள் மறுபடி கட்டத் தொடங்கினார்கள். ஆகவே நாம் காணும் வீடுகளில் மிகப் பெரும்பாலானவை அதற்குப் பிந்தியவை. வேதபுரீசுவரர் கோயிலும் அப்படித்தான். பழைய கோயில் 1748இல் துய்ப்ளேக்ஸ் காலத்தில் இடிக்கப்பட்டது, இன்று கும்பிடுவது பின்னால் எழுப்பியது. வயதைக் கூட்டிச் சொல்வதால் வீட்டுக்குப் பெருமை கூடிவிடாது.

கதையைவிடச் சுவரைப் பாருங்கள். சுண்ணாம்புக் காரை பூசிய பழைய சுவர் கை வைத்தால் வழவழப்பாக, குளிர்ச்சியாக இருக்கும். முட்டை வெண்கருவும் சேர்த்து இழைத்த பூச்சு அது. அதன் மேல் பிற்காலத்தில் சிமெண்டு பூசியிருந்தால் கீழே முழங்கால் உயரத்துக்கு உப்புப் பூத்து, பெயிண்ட் கொப்பளித்து உரிந்திருக்கும். சுண்ணாம்பு ஈரத்தை வெளியே விடும். சிமெண்டு உள்ளேயே அடைத்துவிடும். அண்ணாந்து பார்த்தால் மரச்சட்டங்களுக்கு மேலே மெல்லிய செங்கற்களைச் செங்குத்தாக, சாய்வரிசையில் அடுக்கிய மெட்ராஸ் டெரஸ் கூரை தெரியும். தண்ணீர் ஒழுகிச் சட்டம் உளுத்துப் போனால் கூரை இறங்கிவிடும். 2014 நவம்பர் மழையில் கடற்கரையோரம் இருந்த பழைய மேரி (நகராட்சி) கட்டடமே சரிந்து விழுந்தது. மீண்டும் கட்ட வேண்டியதாயிற்று. வைசியாள் வீதியில் வரிசையாக முகப்புகளைச் சீர்செய்து, 2008இல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் மரபு விருது பெற்ற வேலையின் அருமை இதோடு வைத்துப் பார்க்கும்போதுதான் விளங்கும்.

உள்ளமைப்பை நிதானமாக, யாருக்கும் இடைஞ்சலில்லாமல் பார்க்க ஆசைப்பட்டால், ஈசுவரன் தர்மராஜா கோயில் வீதியில் பாரதி குடியிருந்த வீட்டுக்கும் பெருமாள் கோயில் வீதியில் பாரதிதாசன் வீட்டுக்கும் போங்கள். இரண்டும் இப்போது நினைவில்லங்கள். பாரதி 1908 முதல் 1918 வரை இந்த ஊரில்தான் இருந்தார்.

படத்தைப் போட்டுவிடும் அவசரம்

முகப்பைப் படம் எடுப்பதில் யாருக்கும் மறுப்பில்லை. வாசலில் இருப்பவரைக் கேட்காமல் எடுப்பதும், வீட்டு எண்ணோடும் இடக்குறிப்போடும் இணையத்தில் போடுவதும் வேறு சங்கதி. ஒரு படம் பரவிவிட்டால் மறுவாரமே அந்த வாசலில் கல்யாணத்துக்கு முந்தைய படப்பிடிப்புக்காரர்கள் உடை மாற்ற இடம் கேட்டு நிற்பார்கள். வீதியின் பெயரைச் சொல்லுங்கள், எண்ணை விட்டுவிடுங்கள். எடுத்த படத்தில் ஒன்றை வழிகாட்டி மூலமாக அந்த வீட்டாருக்கும் அனுப்பிவையுங்கள். தங்கள் வீட்டு முகப்பை எதிர்ப்புறத்திலிருந்து எடுத்த நல்ல படம் பல வீடுகளில் இருப்பதில்லை.