ஜிடோகா என்றால் வெறும் ஆட்டோமேஷன் இல்லை

ஜிடோகா, டொயோட்டா கார் கம்பெனியின் உற்பத்தி முறையில் வரும் சொல். கம்பெனி இன்டர்வியூவில் “ஜிடோகா என்றால் என்ன?” என்று கேட்டதும் பலர் “ஆட்டோமேஷன்” என்று சொல்லிவிடுகிறார்கள். ஜப்பானிய மொழியில் ஆட்டோமேஷனுக்கும் அதே ஒலிப்புதான், அதனால் வந்த வினை. டொயோட்டாக்காரர்கள் எழுதும்போது நடு எழுத்தில் மட்டும் ‘மனிதன்’ குறியைச் சேர்த்துவிடுவார்கள். ‘நகர்தல்’ என்பது ‘உழைத்தல்’ ஆகிவிடும். குட்டிக் கோடுகள் இரண்டு, அர்த்தமே வேறு!

வேர் தறியில் இருக்கிறது. டொயோட்டா குழுமத்தைத் தொடங்கிய சகிச்சி டொயோடா 1924-இல் முடித்த ஜி வகைத் தானியங்கித் தறியில், பாவு (நீளவாட்டு) நூலோ ஊடை (குறுக்கு) நூலோ அறுந்தால் தறி தானே நின்றுவிடும். நம் ஊர் விசைத்தறிகளிலும் இந்த வித்தையைப் பார்க்கலாம்: ஒவ்வொரு பாவு நூலிலும் மெல்லிய தகடு ஒன்று தொங்கும். நூல் அறுந்தால் தகடு கீழே விழும், தறி நிற்கும். பக்கத்திலேயே ஆள் காவல் நிற்க வேண்டாம், பழுதுத் துணியும் நீளாது.

ஆகவே, தானாக ஓடினால் ஆட்டோமேஷன். தப்பு நடந்தால் தானாக நின்று ஆளைக் கூப்பிட்டால்தான் ஜிடோகா. “புது ரோபோ வந்தாச்சு, ஜிடோகா முடிஞ்சுது” என்று ரிப்போர்ட்டில் எழுதாதீர்கள். டிரில் பிட் உடைந்த பிறகும் அந்த மெஷின் அடுத்த ஜாப்பை (துளையிட வேண்டிய பொருளை) எடுக்கிறதா என்று ஒருமுறை நின்று பாருங்கள். எடுத்தால், அது வெறும் ஆட்டோமேஷன்தான்.