முதல்நாள் இரவே முடிக்க வேண்டிய டார்ட்: அடுப்பில்லாத க்ரீம் இனிப்பில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் எங்கள் வீடுகளில் விசேஷச் சாப்பாடு பிரியாணியில் தொடங்கி ஃபிரிட்ஜ் டார்ட்டில் முடியும். தீபாவளித் தட்டில் பர்ஃபியும் குலாப் ஜாமூனும் குவிந்திருந்தாலும், கை கழுவிய உடனே பிள்ளைகள் தேடுவது கண்ணாடிப் பாத்திரத்தில் அடுக்கடுக்காகத் தெரியும் பெப்பர்மின்ட் கிரிஸ்ப் டார்ட்டைத்தான். ஆப்பிரிக்கான்ஸ் பேசுகிற வீடுகளிலிருந்து நாடு முழுக்கப் பரவிய இனிப்பு இது. இன்று எங்கள் கல்யாணம், காதுகுத்து, கிறிஸ்துமஸ் எல்லாவற்றிலும் அதற்கு ஓர் இடம் இருக்கிறது.

சாமான்கள் நாலே நாலு: டென்னிஸ் பிஸ்கட் 200 கிராம் பாக்கெட் ஒன்று, கேரமல் டின் 360 கிராம் ஒன்று, க்ரீம் 250 மில்லி, பெப்பர்மின்ட் கிரிஸ்ப் சாக்லேட் மூன்று. அடுப்பே வேண்டாம். அதனால் எல்லோரும் இதைச் சுலபம் என்று நினைத்து, விருந்து நாள் காலையில் ஆரம்பிக்கிறார்கள். முதல் தவறே அதுதான். கேக்கில் முட்டையும் மாவும் சூட்டில் இறுகிவிடும். சின்னக் குறைகளை அடுப்பின் சூடு மறைத்துவிடும். இங்கே இறுக்கித் தருவதற்குக் குளிரும் நேரமும் தவிர வேறு எதுவும் இல்லை. நீங்கள் எப்படி வைத்தீர்களோ அப்படித்தான் அது மேசைக்கு வரும். முதல்நாள் இரவே முடித்து வைப்பவர்களுக்குப் பாதிக் கவலை போய்விடும்.

க்ரீம்

டார்ட் சரிந்துபோனதாக யாராவது சொன்னால் நான் முதலில் கேட்பது, "க்ரீம் எவ்வளவு குளிராக இருந்தது?" என்றுதான். க்ரீமை அடிக்கும்போது அதிலுள்ள கொழுப்புத் துளிகள் ஒன்றோடொன்று பாதி ஒட்டிக்கொண்டு, காற்றுக் குமிழிகளைச் சுற்றி வலை போல நிற்கின்றன. அந்தக் கொழுப்பு குளிர்ந்து கெட்டியாக இருந்தால்தான் வலை நிற்கும். 4, 5 டிகிரியில் இருக்கிற க்ரீம் சில நிமிடங்களில் எழும்பிவிடும். 10 டிகிரியைத் தாண்டினால் எவ்வளவு நேரம் அடித்தாலும் தொளதொளவென்றுதான் இருக்கும். டிசம்பரில் நம் சமையலறை, அதுவும் பக்கத்தில் பிரியாணி அண்டா கொதிக்கும்போது, 30 டிகிரியைத் தொடுவது சாதாரணம். கடையிலிருந்து வந்த க்ரீமை அப்படியே அடிக்க ஆரம்பிக்காதீர்கள். க்ரீம் ஓர் இரவு ஃபிரிட்ஜில் இருக்கட்டும். அடிக்கிற பாத்திரத்தையும் பீட்டரின் கம்பிகளையும் கால் மணி நேரம் ஃப்ரீசரில் வையுங்கள். முதல்நாள் காலையில் அடுப்பு மூட்டுவதற்கு முன்போ, இரவு எல்லாம் ஓய்ந்த பிறகோ அடியுங்கள்.

அடுத்தது கொழுப்பின் அளவு. டப்பாவில் 35 சதவீதம் அல்லது அதற்கு மேல் என்று இருந்தால் நல்லது; 30-க்குக் கீழே போனால் நிற்காது. சாப்பாட்டு இனிப்புக்கு மேலே ஊற்றிக்கொள்ளும் டின் க்ரீம் இதற்கு ஆகாது. பெயரில் க்ரீம் என்று இருப்பதால் அதை வாங்கி ஏமாறுகிறவர்கள் நிறைய.

எப்போது நிறுத்துவது என்பதும் முக்கியம். கம்பியைத் தூக்கினால் நுனி லேசாக வளைந்து நிற்கிறதா, நிறுத்திவிடுங்கள். கேரமலோடு கலக்கும்போது இன்னும் கொஞ்சம் இறுகும். அதையும் தாண்டி அடித்தால் ஓரங்கள் மஞ்சளாகி, மணல் மணலாகத் தெரியும். வெண்ணெய் திரள ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். அந்த முதல் கட்டத்திலேயே கவனித்துவிட்டால் காப்பாற்றலாம். அடிக்காத குளிர்ந்த க்ரீம் இரண்டு மூன்று மேசைக்கரண்டி ஊற்றி, பீட்டரை ஓரம் வைத்துவிட்டுக் கையால் மெதுவாகக் கிளறுங்கள். மோர் தனியே பிரிந்துவிட்டதென்றால் அது வெண்ணெய்தான். ரொட்டிக்கு வைத்துக்கொண்டு புது க்ரீம் எடுங்கள்.

இங்கே பலர் க்ரீமுக்குப் பதில் ஆர்லி விப் வாங்குகிறார்கள். அது தாவரக் கொழுப்பில் செய்தது. சூட்டில் க்ரீமைவிட நன்றாகத் தாங்கும், சுலபத்தில் திரியாது. ஆனால் அதிலேயே இனிப்பு இருக்கிறது. அதோடு கேரமலும் சேர்த்து, வழக்கம் மாறாமல் சர்க்கரையும் போட்டால் இரண்டு கரண்டிக்கு மேல் யாராலும் சாப்பிட முடியாது. என் கணக்கு பாதிக்குப் பாதி: ருசிக்கு உண்மையான க்ரீம், பிடிப்புக்கு இது. சர்க்கரை ஒரு சிட்டிகைகூட வேண்டாம்; அதற்குப் பதில் ஒரு சிட்டிகை உப்பு போடுங்கள், கேரமலின் ருசி எழும்பி நிற்கும்.

கேரமல்

டின் கேரமல் திறக்கும்போது கட்டியாக இருக்கும். அதை அப்படியே அடித்த க்ரீமில் போட்டு, கட்டி உடையவில்லையே என்று பீட்டரால் மறுபடி அடிப்பதுதான் நான் அடிக்கடி பார்க்கும் தவறு. கேரமல் உடைவதற்குள் க்ரீம் திரிந்துவிடும். கேரமலைத் தனியாக ஒரு பாத்திரத்தில் எடுத்துக் கரண்டியால் அடித்து வழவழப்பாக்குங்கள். பிறகு க்ரீமில் மூன்றில் ஒரு பங்கை அதில் போட்டுத் தாராளமாகக் கலந்து இளக்கிக்கொள்ளுங்கள். மீதியைச் சேர்க்கும்போது மட்டும் பொறுமை வேண்டும்: அடியிலிருந்து அள்ளி மேலே புரட்டி, காற்று போகாமல் கலக்க வேண்டும்.

டின் கேரமல் கிடைக்காதபோது கண்டென்ஸ்டு மில்க் டின்னை மூடியபடியே தண்ணீரில் இரண்டு மூன்று மணி நேரம் வேகவைக்கும் பழைய வழக்கம் பல வீடுகளில் இருக்கிறது. தண்ணீர் வற்றி டின் வெளியே தெரிந்தால் உள்ளே அழுத்தம் ஏறி வெடிக்கும். கொதிக்கிற சர்க்கரைப்பால் முகத்தில் தெறிக்கும். குழந்தைகள் ஓடியாடும் வீட்டில் இதைச் செய்யவே வேண்டாம் என்பது என் எண்ணம். பாலைத் தடித்த பாத்திரத்தில் ஊற்றி, சின்னத் தீயில் கை விடாமல் கிளறினாலே நிறம் வந்துவிடும்.

பிஸ்கட்

டென்னிஸ் பிஸ்கட் மெல்லியது. தேங்காயும் கோல்டன் சிரப்பும் சேர்ந்தது. முழுப் பிஸ்கட்டாக அடுக்குகிறவர்கள் அதைப் பாலில் நனைக்கக் கூடாது. க்ரீமில் இருக்கிற ஈரத்தை அதுவே மெல்ல இழுத்துக்கொண்டு, ஆறிலிருந்து பன்னிரண்டு மணி நேரத்தில் கேக் போல மென்மையாகிவிடும். நனைத்து அடுக்கினால் மறுநாள் கூழ்தான் மிஞ்சும். இரண்டே மணி நேரத்தில் பரிமாறினாலோ, வெட்டும்போது பிஸ்கட் உடைந்து க்ரீம் நாலாபக்கமும் பிதுங்கும். ஓரங்களில் இடைவெளி விட்டாலும் அங்கே க்ரீம் இறங்கித் துண்டு கோணலாகும். பிஸ்கட்டைக் கத்தியால் நறுக்கி அந்த ஓரத்தையும் நிரப்புங்கள்.

பொடித்து அடியில் அழுத்துகிறவர்களுக்கு அளவுதான் முக்கியம். 200 கிராம் பிஸ்கட்டுக்கு 90 முதல் 100 கிராம் உருக்கிய வெண்ணெய் போதும். குறைந்தால் உதிரும், கூடினால் கத்தி இறங்காது. டப்பாவில் வருகிற மென்மையான மார்ஜரினில் தண்ணீர் அதிகம், அடிப்பகுதி நமத்துப்போகும். டம்ளரின் அடியால் லேசாக அழுத்தினால் போதும், சிமென்ட் போல இடிக்க வேண்டாம். அரை மணி நேரமாவது குளிரவிட்டு அப்புறம் க்ரீம் ஊற்றுங்கள்.

ஜெலட்டின், அன்னாசி, விரதம்

இதை நான் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் எனக்கு மனசு வலித்த சம்பவம் இதில்தான் நடந்தது. பல வருஷம் முன்பு, பெரியம்மாவின் அறுபதாவது பிறந்தநாளுக்கு அன்னாசி டார்ட் செய்தேன். வழியோரம் வாங்கிய ஹ்லுஹ்லுவே அன்னாசி, அப்படி ஒரு மணம். பச்சையாகவே நறுக்கி, இறுகுவதற்காக ஜெலட்டின் கலந்த க்ரீமில் போட்டேன். மறுநாள் திறந்து பார்த்தால் பாயசம் போல ஓடியது, வாயில் வைத்தால் கசந்தது. அன்னாசியில் புரோமலின் என்கிற நொதி இருக்கிறது. அது புரதத்தைத் துண்டு துண்டாக வெட்டும். ஜெலட்டின் என்பது புரதம், அதனால் இறுகவே முடியாது. பால் புரதத்தையும் அது வெட்டுவதால்தான் அந்தக் கசப்பு. பப்பாளியும் கிவியும் இதே வேலையைச் செய்யும். பழத்தை அதன் சாற்றிலேயே ஐந்து நிமிஷம் கொதிக்கவிட்டு ஆறவைத்தால் நொதி செத்துவிடும். டின் அன்னாசி ஏற்கெனவே சூடாக்கப்பட்டது, பயமில்லாமல் போடலாம். சாற்றை மட்டும் நன்றாக வடித்துவிடுங்கள்.

ஜெலட்டினில் இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று உண்டு. அது மாடு அல்லது பன்றியின் தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் எடுப்பது. ஜெல்லிப் பொட்டலத்திலும் மார்ஷ்மெல்லோவிலும் பெரும்பாலும் அதுதான். புரட்டாசி முழுக்கக் கவிச்சி தொடாமல் இருக்கும் ஆயாவுக்கும், காவடிக்கு விரதம் இருக்கும் பிள்ளைக்கும் "இதில் கறி இல்லை, சாப்பிடு" என்று தெரியாமல் கொடுத்துவிடுகிறோம். கொடுத்த கைக்கு இது தெரிந்திருக்க வேண்டும். பொட்டலத்தைத் திருப்பி எழுத்தைப் படியுங்கள். பிஸ்கட்டில் முட்டை இருக்கிறதா என்பதையும் அப்படியே பார்த்துவிடலாம்.

மாற்று, நமக்குத் தெரிந்த கடல்பாசிதான். ஆனால் ஜெலட்டின் மாதிரியே அதைக் கையாண்டால் கெட்டுப்போகும். ஜெலட்டினைக் கொதிக்கவிடக் கூடாது. கடல்பாசியைக் கட்டாயம் கொதிக்கவிட வேண்டும். அரைக் கப் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் தூளைப் போட்டு இரண்டு மூன்று நிமிடம் கொதித்தால்தான் முழுக்கக் கரையும். அப்புறம் அது 35, 40 டிகிரியிலேயே உறைய ஆரம்பித்துவிடும். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த கலவையில் ஊற்றினால் பட்ட இடத்திலேயே நூல் நூலாகக் கட்டிவிடும். கேரமல் அல்லது பழக் கலவை அறை வெப்பத்தில் இருக்கட்டும். கடல்பாசித் தண்ணீரைச் சற்று ஆறவிட்டு, மெல்லிய தாரையாக ஊற்றியபடி விடாமல் கலக்குங்கள். அடித்த க்ரீமைக் கடைசியில் சேர்த்து உடனே பாத்திரத்தில் பரப்புங்கள். ஃபிரிட்ஜுக்கு வெளியேயும் கடல்பாசி உருகாது, நம் ஊர் வெயிலுக்கு அது ஒரு பெரிய உதவி.

எதையும் போடாமல் இறுக வேண்டும் என்றால் எலுமிச்சை டார்ட் இருக்கிறது. 385 கிராம் கண்டென்ஸ்டு மில்க் டின்னுக்கு 125 மில்லி எலுமிச்சைச் சாறு. புளிப்பு பட்டவுடன் பால் புரதம் கூடிக் கெட்டியாகும். புளிக்குமே என்று பயந்து சாற்றைப் பாதியாக்கினால் அது கெட்டியாகாது. அவ்வளவுதான்.

ஃபிரிட்ஜும் பயணமும்

நம் ஃபிரிட்ஜில் நேற்றைய மீன் குழம்பும் அரைத்த இஞ்சி பூண்டும் இருக்கும். க்ரீமின் கொழுப்பு வாசனையை இழுத்து வைத்துக்கொள்ளும், பெப்பர்மின்ட் வாசனை அதை மறைக்காது. பாத்திரத்தை இறுக்கமாக மூடுங்கள், முடிந்தால் முதல்நாளே ஃபிரிட்ஜில் ஓர் அடுக்கைக் காலி செய்து வையுங்கள். சீக்கிரம் இறுகட்டும் என்று ஃப்ரீசரில் மறந்துபோய் வைத்துவிட்டு வெளியே எடுத்தால், க்ரீமிலிருந்து தண்ணீர் பிரிந்து பிஸ்கட்டில் இறங்கும். வெட்டுவதற்கு முன் இருபது நிமிடம் ஃப்ரீசரில் வைப்பது வேறு. அது துண்டுகள் நேராக வர உதவும்.

2023-ல் லோட் ஷெடிங்கால் ஒரே நாளில் பலமுறை கரண்ட் போன காலத்தை யாரும் மறந்திருக்க மாட்டோம். இப்போதும் ஏதாவது கோளாறு என்றால் ஏரியாவே இருட்டாகும். கதவைத் திறக்காமல் இருந்தால் ஃபிரிட்ஜ் சுமார் நாலு மணி நேரம் குளிரைக் காக்கும். "இறுகிவிட்டதா" என்று நிமிடத்துக்கு ஒருமுறை திறந்து பார்த்தால் அதைக் காக்காது.

சாட்ஸ்வொர்த்திலிருந்து டோங்காட்டுக்கு எடுத்துப் போவதென்றால் மடியில் வைத்துப் போகாதீர்கள். கூலர் பெட்டியில் ஐஸ் கட்டிகளின் மேல் சமமாக வையுங்கள். பால் க்ரீம் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. 32 டிகிரிக்கு மேல் வெயில் அடித்தால் ஒரு மணி நேரம்தான். தோட்டத்தில் கறி சுடும் பிராய் விருந்து நடக்கும்போது டார்ட்டையும் வெளி மேசையில் அலங்காரமாக வைத்துவிடுவது வழக்கமாகிவிட்டது. சாப்பாடு முடிந்து தட்டுகளை எடுத்த பிறகு கொண்டுவாருங்கள்.

சாக்லேட்டைத் தூவுவது கடைசி வேலை. பெப்பர்மின்ட் கிரிஸ்ப்பின் உள்ளே இருக்கும் பச்சைக் குழல்கள் சர்க்கரையால் ஆனவை, ஈரம் பட்டால் கரையும். முதல்நாளே மேலே தூவினால் பச்சைத் தண்ணீர் வடிந்து க்ரீமில் கோடு கோடாக நிற்கும், கடிக்கும்போது அந்த மொறுமொறுப்பும் இருக்காது. நடு அடுக்குகளில் போடுவது கரைந்து ருசியாக மாறும், அது நல்லதுதான். மேலுக்கு ஒரு சாக்லேட்டைத் தனியாக ஃபிரிட்ஜில் வைத்துக்கொண்டு, மேசைக்கு வருவதற்குச் சற்று முன் துருவுங்கள். கத்தியை வெந்நீரில் முக்கி, துடைத்து, ஒவ்வொரு துண்டுக்கும் மறுபடி துடைத்து வெட்டுங்கள். முதல் துண்டு எப்படியும் கொஞ்சம் உடையும். அதை அடுக்களையில் உதவி செய்த பிள்ளைக்குக் கொடுத்துவிட்டு, இரண்டாவது துண்டிலிருந்து வந்தவர்களுக்கு வையுங்கள்.