சிங்கிள்ஸ் பெட்டியைச் சென்னையில் வைத்துக் காப்பாற்றுவது எப்படி

சிங்கிள்ஸ் பெட்டி என்பது, பக்கத்துக்கு ஒரு பாட்டு மட்டும் உள்ள சிறு இசைத்தட்டுகளை ஒன்றாக அடுக்கி விற்கும் தொகுப்பு. வாங்கியதும் முதல் வேலை, பெட்டியைச் சுற்றியிருக்கும் பிளாஸ்டிக் தாளைக் கிழித்துப் போடுவது. ராக் இசைத்தட்டு சேகரிப்பவர்கள் பலர் இதைக் கேட்டதும் முகம் சுளிப்பார்கள். பிரிக்காத பெட்டிக்குத்தான் மறுவிற்பனையில் விலை அதிகம் என்பது உண்மைதான். ஆனால் சென்னையில், அதுவும் என்னைப் போலத் திருவான்மியூரில் கடல் காற்று படும் வீட்டில் இருந்தால், பிரிக்காமல் வைப்பதே அதைக் கெடுப்பதற்கான வழி. வெயில் ஏற ஏற அந்தத் தாள் இறுகி அட்டையின் மூலைகளை வளைக்கும். உள்ளே அகப்பட்ட ஈரம் வெளியேற வழியில்லாமல் அங்கேயே தங்கிப் பூஞ்சை பிடிக்கும்.

என் அலமாரியில் இருப்பது பீட்டில்ஸ் என்ற இங்கிலாந்து ராக் குழுவின் சிங்கிள்ஸ் தொகுப்பு. 2019 நவம்பரில் வெளிவந்தது. ஏழு அங்குலத் தட்டுகள் 23, பாட்டுகள் 46, கூடவே 40 பக்கச் சிறுநூல். பல நாடுகளில் அந்தக் காலத்தில் வந்த உறைகளைத் தேடியெடுத்து அப்படியே மறுபடி அச்சிட்டிருக்கிறார்கள். தட்டைவிட இந்த உறைகளைப் பற்றித்தான் எனக்குக் கவலை அதிகம். நம் ஊரில் முதலில் அடிபடுவது காகிதம். பசையையும் மாவுப்பொருளையும் தேடி வரும் ராமபாணப் பூச்சிக்குத் தமிழ்ப் புத்தகமும் ஒன்றுதான், பீட்டில்ஸ் உறையும் ஒன்றுதான்.

ஆகவே தட்டை அச்சிட்ட உறைக்குள் நேரடியாகப் போடாதீர்கள். ஏழு அங்குல அளவில் பாலிதீன் உள்ளுறைகள் கிடைக்கின்றன; அதில் தட்டைப் போட்டு, பிறகு பட உறைக்குள் வையுங்கள். கெட்டியான, பளபளக்கும் பிவிசி பிளாஸ்டிக் உறைகள் வேண்டவே வேண்டாம். இசைத்தட்டும் பிவிசிதான்; புழுக்கத்தில் இரண்டும் ஒன்றோடொன்று வினைபுரிந்து, தட்டின் மேல் துடைத்தாலும் போகாத மங்கல் படியும்.

எங்கே வைப்பது? பரணில் வைக்காதீர்கள், மொட்டைமாடிக்குக் கீழே மே மாதத்தில் அங்கே கை வைக்க முடியாது. மாலை வெயில் படும் மேற்குச் சுவரும் குளியலறையை ஒட்டிய சுவரும் ஆகாது. தரைத்தளத்தில் இருப்பவர்கள் அலமாரியின் கீழ்த்தட்டையே மறந்துவிடுங்கள். 2015 டிசம்பர் வெள்ளத்தைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வீட்டின் உட்சுவரை ஒட்டி, இடுப்பு உயரத்தில், தட்டுகள் செங்குத்தாக நிற்கும்படி வையுங்கள். ஒன்றின் மேல் ஒன்றாகப் படுக்கவைத்தால் அடியில் இருப்பது வளையும். பெட்டிக்குள் ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் பொட்டலம் இரண்டு போடுங்கள். நிறம் மாறும் வகையாக இருந்தால் எப்போது மாற்றுவது என்று தெரியும். ஐப்பசி, கார்த்திகை மழையில் அது சீக்கிரமே நிறம் மாறிவிடும். அந்துருண்டை மட்டும் போடாதீர்கள், அந்த ஆவி பிளாஸ்டிக்குக்கு நல்லதில்லை.

இனி, பழைய பெட்டியை வாங்குகிறவர்களுக்கு. பழைய பொருள்களுக்குப் பேர்போன மூர் மார்க்கெட் 1985இல் எரிந்த பிறகும் சென்னையில் பழைய இசைத்தட்டு வியாபாரம் நின்றுவிடவில்லை. கைமாறி வரும் பெட்டிகள் இன்னும் கண்ணில் படுகின்றன. முதலில் தட்டுகளை எண்ணுங்கள், பிறகு சிறுநூல் இருக்கிறதா என்று பாருங்கள். அடுத்து ஒவ்வொரு தட்டையும் விளிம்பில் பிடித்து, டியூப்லைட் வெளிச்சம் சாய்வாக விழும்படி மெல்லத் திருப்புங்கள். கீறல் கோடாக மின்னும். பூஞ்சை அப்படி மின்னாது. வெண்மையான சிறு புள்ளிகளாக, சிலந்தி நூல் படர்ந்ததுபோல், ஊசி ஓடும் பள்ளங்களுக்குக் குறுக்கே பரவியிருக்கும். கீறலுக்கு மருந்தில்லை. பூஞ்சை பெரும்பாலும் போய்விடும், அதற்காக விலையைத் தாராளமாகக் குறைத்துக் கேளுங்கள்.

கழுவக் குழாய்த் தண்ணீர் கூடாது. நம் ஆழ்குழாய்த் தண்ணீர் காய்ந்தால் வாளியில் வெள்ளையாக உப்புப் படிகிறதே, அதே உப்பு தட்டின் பள்ளத்திலும் படியும், ஊசி அதன்மேல் ஓடும்போது பொரிகிற சத்தம் வரும். பேட்டரிக்கு ஊற்றுகிற டிஸ்டில்டு வாட்டரை வாங்கிக்கொள்ளுங்கள். அரை லிட்டரில் பாத்திரம் கழுவும் திரவம் ஒரு சொட்டு போதும். நடுவிலுள்ள காகித லேபிள் நனையாமல் பார்த்துக்கொண்டு, மைக்ரோஃபைபர் துணியால் பள்ளங்களின் போக்கிலேயே வட்டமாகத் துடையுங்கள், குறுக்கே இழுக்காதீர்கள். பிறகு வெறும் டிஸ்டில்டு வாட்டரில் ஒருமுறை துடைத்து, தட்டை நிறுத்திவைத்து நிழலில் காயவிடுங்கள். மின்விசிறிக்கு நேர் எதிரே வேண்டாம், தூசி வந்து ஒட்டும். முழுக்கக் காய்ந்த பிறகே உறைக்குள் போக வேண்டும். பழைய உள்ளுறையைத் தூக்கிப் போடுங்கள். பூஞ்சை அதில்தான் மிச்சமிருக்கும். வீட்டில் நிமிடத்துக்கு 78 சுற்று ஓடும் தாத்தா காலத்துத் தட்டுகள் இருந்து அவற்றையும் கழுவ நினைத்தால், ஆல்கஹால் கலந்த எந்தத் திரவமும் அருகில் வரக் கூடாது. அவை அரக்கால் ஆனவை, கரைந்துவிடும்.

கடைசியாக, பிளேயர். நம் வீடுகளில் இருந்த சினிமாப் பாட்டு ஈ.பி. தட்டுகளில் பக்கத்துக்கு இரண்டு பாட்டு இருக்கும், சிங்கிளில் ஒன்றுதான். வேகம் இரண்டுக்கும் நிமிடத்துக்கு 45 சுற்று. அமெரிக்காவிலிருந்து அண்ணனோ அத்தையோ கொண்டுவந்த பழைய பிளேயராக இருந்தால் கவனமாக இருங்கள். அங்கே மின்சாரம் 60 ஹெர்ட்ஸ், இங்கே 50. மின்சாரத்தின் அதிர்வெண்ணை நம்பிச் சுழலும் மோட்டார் என்றால், வோல்டேஜை மாற்றும் டிரான்ஸ்ஃபார்மர் போட்டாலும் 45 என்பது 37.5 ஆகிவிடும், பாடகர் தூக்கக் கலக்கத்தில் பாடுவதுபோல் கேட்கும். பல மாடல்களில் மோட்டார் தண்டிலுள்ள சிறு உருளையை 50 ஹெர்ட்ஸுக்கானதாக மாற்றினால் சரியாகிவிடும். பெரிய நடுத்துளை உள்ள அமெரிக்கத் தட்டுகளுக்கு, அந்தத் துளையில் பொருத்தும் அடாப்டர் ஒன்றும் வாங்கிவையுங்கள். ஏ.சி. அறையில் குளிர்ந்த தட்டைக் கூடத்துக்குக் கொண்டுவந்தால், மேலே ஈரம் கோக்கும்; உறையோடு கொஞ்ச நேரம் விட்டு, பிறகு ஊசியை இறக்குங்கள்.